காப்பு கட்டிய வாரத்தில் ஒரு ராப் ஆல்பம்

இலவம்பஞ்சு மூக்கில் ஏறினால் தும்மல் வரும் என்றுதான் நினைத்திருந்தேன். இல்லை, தொண்டைதான் அரிக்கும்... ராப் பாட வந்தவனுக்குத் தொண்டை அரித்தால் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

திருக்கோகர்ணத்தில் ரேவதியின் அப்பா வைத்திருந்த மெத்தைக் கடை அது. ஆள் உயரத்துக்கு அடுக்கிய மெத்தைகளுக்கு நடுவில் ஒரு மைக். சத்தம் பதிவாகும் என்று ஃபேனையும் நிறுத்திவிட்டோம். சித்திரை வெயில், வாசலில் வேப்பிலைத் தோரணம், தெருமுனையில் குழாய் ஸ்பீக்கரில் அம்மன் பாட்டு. எங்கள் முதல் ஆல்பம் அங்கேதான் உருவானது.

யோசனை என் நண்பன் பழனியுடையது. எங்கள் ஏரியாவில் ராப் பாடுகிறவர்கள் ஆளுக்கொரு மூலையில் இருந்தார்கள். ஆட்டோ ஓட்டுகிற ஒருத்தர், பாலிடெக்னிக் பசங்க, நர்சிங் படித்துக்கொண்டிருந்த ரேவதி... எல்லாரும் ஒரே ஆல்பத்தில் வரவேண்டும், ஆளுக்கு ஒரு பாட்டு, வெளி ஆள் ஒருத்தர்கூடக் கிடையாது என்று ஒற்றைக் காலில் நின்றான். பீட் போடுவது என் வேலை. என்னிடம் ஒரு பழைய லேப்டாப் இருந்தது.

அவனுக்கு ஓர் அவசரமும் இருந்தது. குவைத்தில் டிரைவர் வேலைக்கு விசா வந்துவிட்டது. ஊர் அம்மன் திருவிழா முடிந்த மறுநாள் ஃப்ளைட். அதற்குள் அவன் பாட்டு பதிவாகவில்லை என்றால், ஆல்பத்தை ஆரம்பித்தவனே அதில் இருக்கமாட்டான்.

திருச்சியில் ஒரு ஸ்டுடியோவைப் பேசினோம். பகலில் அவர்களுக்கு வேறு வேலை, ராத்திரிதான் கிடைக்கும் என்றார்கள். சந்தோஷமாகத் தலையாட்டினோம். அது காப்பு கட்டும் வாரம் என்பது எங்களில் ஒருத்தருக்கும் உறைக்கவில்லை.

காப்பு கட்டிவிட்டால் எங்கள் பக்கம் யாரும் வெளியூரில் தங்கக்கூடாது. வேலைக்குப் போகலாம், காலேஜுக்குப் போகலாம், பொழுது சாய ஊருக்குள் வந்துவிட வேண்டும். ஹூடி போட்டவன் என்று அதில் யாருக்கும் சலுகை கிடையாது.

"ஒரு ராத்திரிதான... போயிப் பாடிட்டு வாரேன்" என்றான் பழனி.

அவன் அம்மா சோறு போட்டுக்கொண்டே சொன்னார். "கடல் தாண்டிப் போற புள்ள நீ. காப்ப மீறிட்டுப் போயி அங்க ஒனக்கு ஒண்ணு ஆச்சுன்னா, நான் யாருகிட்டப் போயி நிப்பேன்?"

அதற்கப்புறம் அவன் திருச்சிப் பேச்சையே எடுக்கவில்லை. ஆனால் ஆல்பத்தையும் விடுவதாக இல்லை.

ரேவதிதான் வழி சொன்னாள். "அண்ணே, நாம ஏன் அங்கிட்டுப் போகணும்? எங்க கடையில கதவச் சாத்திட்டுப் பேசுனா மெத்தை எல்லாச் சத்தத்தையும் உறிஞ்சிரும்."

கைதட்டிப் பார்த்தோம். எதிரொலியே இல்லை. ஆனால் குழாய் ஸ்பீக்கர் சத்தத்தை எந்த மெத்தையாலும் தடுக்க முடியவில்லை. நேரே மைக்செட் ராசு அண்ணனிடம் போய் நின்றோம்.

"திருவிழா நேரத்துல பாட்ட நிறுத்தச் சொல்றீங்களேப்பா. கமிட்டிக்காரங்க என்னைய உரிச்சுருவாங்க" என்றார்.

பழனி அவர் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டான். போகச் சொல்லியும் போகவில்லை. மத்தியானம் ஆனதும் அவரே இறங்கி வந்தார். "சரி, நான் சோறு திங்கிற நேரம் மட்டும் ஆஃப் பண்றேன். அதுக்குள்ள முடிச்சுக்கங்க."

அதிலிருந்து ராசு அண்ணன் சாப்பிடும் நேரம்தான் எங்கள் ஸ்டுடியோ நேரம். தினமும் ஒருத்தர், முடிந்தால் இரண்டு பேர். எங்களுக்காக மனுஷன் ரசம் முடிந்து, மோர் முடிந்து, மறுபடியும் சாம்பார் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

பழனி தன் முறையைத் தள்ளிக்கொண்டே போனான். "மத்தவங்க முடிக்கட்டும் மாப்ள, நான் கடைசியா பாடிக்கிறேன்." கடைசி நாளும் வந்தது. பால்குடம், அன்னதானம், ஒரே கூட்டம். ராசு அண்ணன் சாப்பிடவே எழுந்திருக்கவில்லை. மெத்தைக் கடைக்குள் பழனி மைக் முன்னால் வேர்வையில் நனைந்து நிற்கிறான். மறுநாள் ஃப்ளைட். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

அப்போதுதான் ஸ்பீக்கரில் அவர் குரல் கேட்டது. "பக்தகோடிகளுக்கு ஓர் அறிவிப்பு... மைக்செட்டில் சிறு பழுது ஏற்பட்டுள்ளது. சற்றுப் பொறுத்துக்கொள்ளவும்."

டக்கென்று அமைதி. பழனி என்னைப் பார்த்தான். பீட்டைப் போட்டேன்.

"கோகர்ணம் ஸ்டாப்புல டவுன் பஸ்ஸு நிக்காது...
நிக்கவச்ச கொரலு இது, யாரு சொல்லியும் கேக்காது..."

ஒரே டேக். அவன் முடித்த கொஞ்ச நேரத்தில் மைக்செட்டின் பழுதும் சரியாகிவிட்டது.

இப்போது இரண்டாவது ஆல்பம் போட்டுக்கொண்டிருக்கிறோம். என்னிடம் நல்ல மைக் இருக்கிறது, நல்ல லேப்டாப் இருக்கிறது. யார் எங்கே இருந்தாலும் போனிலேயே பாடி அனுப்பிவிடலாம். பழனியும் குவைத்திலிருந்து அனுப்பினான். சுத்தமான சவுண்ட், ஒரு குறை சொல்ல முடியாது.

ரேவதி கேட்டுவிட்டு ஹெட்செட்டைக் கழற்றி வைத்தாள். இப்போது அவள் ஆஸ்பத்திரியில் நர்ஸ். "நல்லாத்தான் இருக்குண்ணே. ஆனா இது இங்க பாடுனது இல்லையே."

இதை அவனிடம் எப்படிச் சொல்வது என்று தயங்கித் தயங்கித்தான் போன் போட்டேன். அவன் முந்திக்கொண்டான். "அத அழிச்சுரு மாப்ள. அனுப்புனதுலேருந்து மனசே சரியில்ல. எடத்த மட்டும் விட்டு வையி. லீவு கேட்டுருக்கேன். குடுக்கலேன்னா மறுபடி கேப்பேன்."

அன்றைக்கு ஊரைவிட்டுப் போக முடியாமல் இங்கே பாடினோம். இன்றைக்கு ஊருக்கு வர முடியாமல் அவன் அங்கே நிற்கிறான். மற்ற பாட்டெல்லாம் தயார். அவனுடைய பீட் மட்டும் குரல் இல்லாமல் காத்திருக்கிறது. எப்போ ரிலீஸ் என்று கேட்கிற எல்லாருக்கும் ஒரே பதில்தான்... பழனி வந்து பாடினால்தான் ரிலீஸ்.

நேற்று ராசு அண்ணனைப் பார்த்தேன். சுகர் வந்து ஆளே பாதியாகிவிட்டார். ஒரு கரண்டி சோற்றுக்கு மேல் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். விஷயத்தைச் சொன்னேன்.

"அவன் வரட்டும்ப்பா" என்றார். "நான் மெதுவாத் திங்கிறேன்."