சிவப்பு எரிந்தால் நின்றுவிட்டது

அந்த பஸ் டிரைவர் தன் வாழ்நாளில் ஒரு சிவப்பு விளக்கைக்கூட மீறியதில்லை. பின்னால் எத்தனை ஹாரன் அலறினாலும் சிவப்பு எரிந்தால் கல்லாக நிற்பார்.

மகள் பள்ளிக்கூடம் போகும் வயதில் பழைய வீடியோ கேமரா ஒன்றை வாங்கிவந்தார். அப்புறம் வீட்டில் எந்த விசேஷம் என்றாலும் கேமராவும் கையுமாகத்தான் திரிந்தார். கேசட்டுகள் பீரோவை நிறைத்தன. டிவியில் மாட்டும் ஒயர் முதல் வாரமே தொலைந்துபோனது. ரிட்டயர் ஆனதும் சாவகாசமாகப் பார்க்கலாம் என்றார். ரிட்டயர் ஆனார். அடுத்த மாதமே போய்விட்டார்.

தன் கல்யாணத்துக்குப் பிறகு அவர் படம் என்று இருந்தது லைசென்ஸில்தான். அதிலும் ஒரு கண் மூடியிருந்தது.

"அந்த கேசட்ல எங்கயாவது ஓரமாவாவது நிக்கிறாரா பாரு" என்றாள் அம்மா.

மகள் ஆலையில் மின்கருவிகளைச் சரிபார்ப்பவள். ஒயரைத் தானே பற்றவைத்துச் செய்துகொண்டு, கேசட்டைப் போட்டுவிட்டு டிவி முன்னால் உட்கார்ந்தாள்.

கல்யாணம் இல்லை. பிறந்தநாள் இல்லை. தரை. செருப்புகள். பெரியப்பாவின் ஓட்டை சாக்ஸ். மாப்பிள்ளை வீட்டாரைச் சித்தி வாரிவிடும் குரல். மறுபடியும் தரை.

பிறகுதான் பிடிபட்டது. லென்ஸுக்குப் பக்கத்தில் ஒரு சிவப்பு விளக்கு, பதிவாகும்போது எரியும். டிரைவர் கணக்கில் சிவப்பு எரிந்தால் கேமரா நின்றுவிட்டது, அணைந்தால்தான் கிளம்பும். அணைந்த கேமராவால் கேக்கை எடுத்துவிட்டு, எரியும் கேமராவைக் கழுத்தில் தொங்கவிட்டிருக்கிறார். மகள் தனியாக, வயிறு வலிக்கச் சிரித்தாள்.

அதுமட்டுமா? விளக்கு எரிகிறதா என்று பார்க்க, ஒவ்வொரு முறையும் கேமராவைத் தன் பக்கம் திருப்பியிருக்கிறார். திரை முழுக்க மூக்கும் மீசையும். "ம். நின்னாச்சு."

அந்தத் துண்டுகளை மட்டும் வெட்டி ஒட்டினாள். மூன்று நிமிடப் படம். சொந்தபந்தங்களைக் கூட்டிச் சுவரில் ஓடவிட்டாள். கறுப்பு மீசை: நின்னாச்சு. நரைத்த மீசை: நின்னாச்சு. கண்ணாடி வந்தது, முன்பல் போனது: நின்னாச்சு. பெரியப்பா நாற்காலியிலிருந்து சரிந்தார். சித்திக்குப் புரையேறியது.

"என்னை எடுக்கறேன் எடுக்கறேன்னு சொல்லி இத்தனை வருஷமா தன் மூஞ்சியத்தான் எடுத்திருக்காரு இந்த மனுஷன்" என்று அம்மா குலுங்கினாள்.

கடைசித் துண்டை மட்டும் மகள் வெட்டாமல் விட்டிருந்தாள். முகம் விலகியது. தரை. செருப்புகள். குரல் மட்டும்: "எல்லாரும் இங்க பாருங்க. சிரிங்க. கிளம்பப் போகுது."

பட்டன் சத்தம். இருட்டு.

எல்லாரும் சுவரைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அம்மா அவசரமாகத் தலைமுடியைச் சரிசெய்துகொண்டாள்.