கொளஞ்சியப்பன் துறவு போன கதை

முத்தாண்டிக்குப்பத்தில் ஹவில்தார் கொளஞ்சியப்பன் வருகிறார் என்றால் நாய்கூட ஓரமாகத்தான் போகும். பதினேழு வருஷம் ராணுவம், அப்புறம் சுரங்க வாசலில் செக்யூரிட்டி. கை நீளம், வாய் அதைவிட நீளம். மகள் தமிழ்நிலாவின் நிச்சயதார்த்தத்தில், காபி ஆறிவிட்டது என்று சொன்ன பாவத்துக்கு மாப்பிள்ளையின் சித்தப்பாவை அறைந்தார். கல்யாணம் நின்றது. மறுநாளே, "கோவத்த வுட்டுட்டுதான் இந்த வூட்டுப் படி ஏறுவன்" என்று கத்திவிட்டு, முந்திரித்தோப்பு ஓரத்துப் புத்த விகாரைக்குப் பெட்டியோடு போய்விட்டார். கதவை அறைந்து சாத்திவிட்டுத்தான் போனார்.

பெரிய பிக்கு ஒரே நிபந்தனை போட்டார். மூன்று மாதம் கை ஓங்கக் கூடாது, வாய் நீளக் கூடாது. தாண்டிவிட்டால் காவி, இல்லையென்றால் வீடு.

அடடா, என்ன தவம்! எதிரியை நினைத்து 'நலமாக இரு' என்று வாழ்த்தச் சொன்னார்கள். நம்மவருக்கு எதிரிகள் பட்டியல் முடியவே மத்தியானம் தாண்டிவிடும். மத்தியானத்துக்கு மேல் விகாரையில் சோறு கிடையாது. பாதி நாள் பட்டினி.

காலையில் சுரங்க டவுன்ஷிப் குவார்ட்டர்ஸ் வாசல்களில் பிச்சைக்கு நிற்க வேண்டும். வாய் திறந்து கேட்கக் கூடாது, போட்டதை வாங்கிக்கொள்ள வேண்டும். காவிக்கு இன்னும் இரண்டே நாள். சுரங்கத்தில் பெர்மனென்ட் வேலையில் இருக்கும் வேலுமணி ஸ்கூட்டரைத் துடைத்தபடி நிமிர்ந்தார்.

"உடம்பு நல்லாத்தானே இருக்கு? கான்ட்ராக்ட் வேலைக்காவது போகலாம்ல?"

எல்லையில் துப்பாக்கி பிடித்த ஆளைப் பார்த்தா இப்படிக் கேட்பது! பிச்சைப் பாத்திரம் பறந்தது. ஸ்கூட்டர் கண்ணாடி சுக்குநூறு. வேலுமணியின் தாத்தா வரைக்கும் அர்ச்சனை போய்ச் சேர்ந்தது.

பெரிய பிக்கு திட்டவில்லை. கொளஞ்சியப்பனின் மனைவி மாணிக்கம்மாளுக்கு, வந்து அழைத்துப்போகும்படி சொல்லியனுப்பினார். கொளஞ்சியப்பன் பெட்டியைக் கட்டிக்கொண்டு வாசலில் உட்கார்ந்தார். காவி போனால் போகிறது, பெண்டாட்டி பதறி ஓடி வருவாள் என்று உள்ளுக்குள் ஒரு தெம்பு.

ஓடித்தான் வந்தாள். வந்தவள் இவரை ஏறெடுத்தும் பார்க்காமல் நேரே பிக்குவின் காலில் விழுந்தாள்.

"சாமி, இவர வூட்டுக்கு மட்டும் அனுப்பிடாதீங்க. ஒடைஞ்ச கண்ணாடிய நான் வாங்கிக் குடுத்துடறன். இந்த மூணு மாசமாதான் நானும் பொண்ணும் பயமில்லாம ஒக்காந்து சோறு துன்னுகினு இருக்கறோம்."

கொளஞ்சியப்பன் எழுந்தார். வாயைத் திறந்தார். வழக்கமான வசவு ஒன்றுகூட வரவில்லை.

"மாணிக்கம், நான் அவ்ளோ மோசமாவா இருந்தன்?"

அவள் எழுந்து, அவர் கை எட்டாத தூரத்துக்கு இரண்டடி பின்னால் நகர்ந்து நின்றாள்.