மெய்ச்சுடர் விளக்கும் என் வாடிக்கையாளர்களும்

மாயக்கதை எழுதும் தொழிலில் எதையும் இட்டுக்கட்டலாம். இட்டுக்கட்டியதை ஒரு நாளும் மறக்கத்தான் கூடாது. ராஜபாளையத்தில் உட்கார்ந்து, போனில் கேட்கிற தொடர்கதை ஒன்றைத் தினம் ஒரு பாகமாக எழுதித் தருகிறேன். உங்களில் யாராவது தினசரித் தொடரில் மாட்டியிருந்தால் என் பாடு சொல்லாமலே புரியும்.

விளக்கு பிறந்தது

கதை நடப்பது ஒரு ராணி ஆளும் வெண்ணாழி நாட்டில். அப்படி ஒரு நாடு கிடையாது. தொடரை வெளியிடும் கம்பெனியிலிருந்து என் பாகங்களைத் திருத்தும் கௌதம், முதல் வாரமே போன் செய்து, "மேடம், மந்திரப் பொருள் ஒண்ணு வேணும், சாயங்காலத்துக்குள்ள" என்றார். வாள், மோதிரம், கிரீடம் எல்லாம் ஏற்கெனவே வேறு தொடர்களில் ஓடிக்கொண்டிருந்தன.

துணி காயப்போட்டுக்கொண்டே யோசித்தேன். விண்ணிலிருந்து விழுந்த கல்லை ஏழு கொல்லர்கள் உருக்கிச் செய்த விளக்கு. பெயர் மெய்ச்சுடர். அதன் வெளிச்சத்தில் நின்று யார் பொய் சொன்னாலும் அணைந்துவிடும்; உண்மையைச் சொன்னால் திரும்ப எரியும். கௌதம் கேட்டுவிட்டுச் சிரித்தார். பிறகு சொன்னார்: "நல்லா ஓடும் மேடம். ஆனா இனிமே வசனம் எழுதப்போற உங்களை நெனச்சாத்தான் பாவமா இருக்கு."

ராணி பயப்பட்டாளா?

எங்கள் தெருவிலிருந்து அன்னக்கிளி தளவாய்புரத்துக்கு நைட்டி தைக்கப் போகிறாள். அங்கே இருபது பெண்கள் மெஷின் ஓட்டிக்கொண்டே ஸ்பீக்கரில் என் தொடரைக் கேட்கிறார்கள். ஒருநாள் காலையில் வேனுக்குப் போகிற வழியில் என் வாசலில் நின்றுவிட்டாள்.

"யக்கா, நேத்து ராணி வெளக்கு முன்னால நின்னு 'எனக்குப் பயமில்லை'ன்னு சொன்னால்லா? அதுக்கு முந்தின நாள் அவளுக்குக் கை நடுங்குச்சே. பொறவு எப்படி வெளக்கு எரியுது? யூனிட்ல இதே பேச்சுதான்."

அவள் சொன்னது சரி. உள்ளே போய் அடுத்த பாகத்தை மாற்றினேன். ராணி சொல்லி முடித்த கொஞ்ச நேரத்தில் விளக்கு புகைந்து அணைகிறது. எதிரியின் படைத்தலைவன் சிரிக்கிறான். இருட்டுக்குள் ராணி சொல்கிறாள், "பயமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் இந்த இடத்தை விட்டு நகர மாட்டேன்." விளக்கு எரிகிறது.

அந்தப் பாகம் வந்த மறுநாள் அன்னக்கிளி வேன் ஜன்னலிலிருந்து தலையை நீட்டிச் சொன்னாள்: "இப்பத்தான்க்கா அவ ராணி. நேத்து வரைக்கும் வேசம் கட்டுனவ மாதிரி இருந்தா."

ஆசாரியின் கேள்வி

அட்டைப் படத்துக்கு நிஜமாகவே ஒரு மெய்ச்சுடர் வேண்டுமென்று கம்பெனி கேட்டது. ஸ்ரீவில்லிபுத்தூரில் பித்தளை வேலை செய்யும் பெருமாள் ஆசாரியிடம் போனேன். ஏழு முகம், கொடி சுற்றிய தண்டு, மேலே மூடிய குமிழ் என்று கதையில் உள்ளபடி வர்ணித்தேன். பொறுமையாகக் கேட்டுத் தாளில் வரைந்தவர், பென்சிலை நிறுத்திக் கேட்டார், "எண்ணெய எங்க ஊத்த?"

எனக்குத் தெரியவில்லை. முந்நூறு பாகத்தில் ஒருவரும் அந்த விளக்குக்கு எண்ணெய் ஊற்றியதில்லை. திரி கூடக் கிடையாது. உள்ளதைச் சொன்னேன். அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி என்னை ஒருமுறை பார்த்தார். "அப்ப மந்திரம் வெளக்குல இல்லம்மா, உங்ககிட்டதான் இருக்கு. குமிழத் தெறக்கிற மாதிரி செஞ்சு தாரேன், நாளைக்கு வேற யாரும் கேட்டா பதில் இருக்கும்."

நெருப்பு கக்கலாமா?

கேட்கிறவர்கள் கொஞ்சம் குறைந்த மாதம், விளக்கு இனி நெருப்பைக் கக்கிப் படைகளை எரிக்கட்டும் என்றார் கௌதம். முடியாது என்றேன். "அது ஆளை எரிச்சா அப்புறம் எல்லாரும் உயிருக்குப் பயந்துதான் உண்மை பேசுவாங்க. அந்தக் கதையை நான் எழுத மாட்டேன்." தொடரையே நிறுத்திவிடுவார்களோ என்று உள்ளுக்குள் கணக்குப் போட்டபடிதான் சொன்னேன். அவர் பெருமூச்சு விட்டார். "சரி மேடம். நெருப்பு கக்குறதுக்குப் பறக்குற பல்லி ஒண்ணாவது விடுங்க."

தேவதானத்திலிருந்து ஒரு போன்

தேவதானம் தங்கராசுக்கு இரண்டு சிறுநீரகமும் பழுது. வாரம் மூன்று நாள் ராஜபாளையத்தில் டயாலிசிஸ். நான்கு மணி நேரமும் காதில் என் கதைதான் என்று அங்கே நர்ஸாக இருக்கும் என் சித்தி மகள் சொல்லியிருக்கிறாள். அவளிடம் என் நம்பரை வாங்கி, தங்கராசின் மனைவி செல்வராணி ஒருநாள் கூப்பிட்டாள். குரலில் கோபம்.

தங்கராசுக்குத் தன் சிறுநீரகத்தைத் தர அவருடைய அண்ணன் முன்வந்து, ரகசியமாகப் பரிசோதனையும் செய்துகொண்டிருக்கிறார். பொருந்திவிட்டது. ஆனால் வரப்புத் தகராறில் அண்ணனும் தம்பியும் பேசிப் பதினோரு வருடம். அதனால் செல்வராணி, தன் பக்கத்துச் சொந்தக்காரர் தருவதாகச் சொல்லிவைத்திருந்தாள். தங்கராசு முந்தாநாள் வீட்டு பல்பைக் காட்டி, "இதுதான் மெய்ச்சுடர்னு வச்சுக்க. யாரு குடுக்கா, சொல்லு" என்று கேட்டிருக்கிறார். அவளால் பொய் சொல்ல முடியவில்லை. அதிலிருந்து அவர் சாப்பிடவில்லை. இன்றைக்கு டயாலிசிஸுக்கும் வர மாட்டேன் என்கிறார். "நீங்க எழுதுனதாலதான கேட்டாரு. நீங்களே வந்து பேசுங்க."

பஸ் ஏறினேன். என்ன பேசுவதென்று போய்ச் சேரும்வரை தெரியவில்லை. தங்கராசு கட்டிலில் கால் வீங்கி உட்கார்ந்திருந்தார். என்னிடம் ஒன்றுதான் கேட்டார். "ராணி, சண்ட போட்டுப் பிரிஞ்ச அவ அண்ணங்காரன்கிட்ட படை கேட்டுப் போவாளா?"

"இன்னும் எழுதல. போகணும்னுதான் நெனைக்கேன். அவ என்ன பேசுவான்னுதான் தெரியல."

தங்கராசு கட்டிலிலிருந்து காலைக் கீழே இறக்கினார். "முதல் வார்த்தைதான் கஷ்டம்" என்றார். பிறகு மனைவியிடம் போனை வாங்கினார். "அண்ணே, நான் தங்கராசு" என்று சொல்லிவிட்டு அழுதார். செல்வராணி அவர் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அன்று மதியமே டயாலிசிஸுக்குக் கூட்டிப்போனது அந்த அண்ணன்தான்.

மதுரையில் ஆபரேஷன் முடிந்து அண்ணன் தம்பி இருவரும் தேறி வீட்டுக்கு வந்தபிறகு செல்வராணி கூப்பிட்டாள். நன்றி எதுவும் சொல்லவில்லை. "இன்னும் ஒரு வருசத்துக்கு முன்னாலயே அந்த வெளக்க எழுதியிருக்கலாம்லாக்கா. வீணா எம்புட்டு ஊசி குத்திட்டாக."

இல்லாத நாட்டின் இல்லாத விளக்கைப் பற்றி இத்தனை பேர் என்னைக் குறுக்கு விசாரணை செய்தும், அது நிஜமா என்று மட்டும் இன்றுவரை ஒருவரும் கேட்கவில்லை.