படத்தில் பேச்சில்லாத ஓர் இடம்

வெள்ளிக்கிழமை பூஜைக்குப் பூ தொடுத்துக்கொண்டிருந்தேன். என்னோடு ஆலையில் வேலை செய்த கன்னியம்மா வந்து வாசலிலேயே நின்றாள். "அக்கா, நம்மள படம் புடிச்சாரே குணசேகரன் தம்பி, மெட்ராஸ்ல தவறிட்டாராம்" என்றாள். அம்மனுக்குத் தொடுத்த பூ மடியிலேயே கிடந்தது.

அவர் நினைவாகப் போடும் இந்த மலரில் எழுதும் நீங்கள் பலரும் படித்தவர்கள். அவருடைய படங்களை எல்லாம் பார்த்திருப்பீர்கள். எனக்குத் தெரிந்தது ஒரே படம்தான். அதில் என் குரல் இருக்கிறது.

ஆம்பூரில் நாங்கள் வேலை செய்த தோல் பதனிடும் ஆலைக்கு அவர் கேமராவோடு வந்தார். அன்று காலையில் முதலாளி தொட்டிகளைக் கழுவச் சொல்லி, பெண்களுக்கெல்லாம் புதுப் புடவை கொடுத்திருந்தார். சாயங்காலம் மேஸ்திரி அத்தனையையும் திரும்ப வாங்கிக்கொண்டார். தம்பிக்கு இது தெரியாது.

அந்தக் கேமரா உருவத்தைத்தான் பிடிக்கும், பேச்சைப் பிடிக்காது. மற்றவர்கள் என்றால் பட்டணத்தில் யாரையாவது வைத்துப் பேச்சை எழுதி, படத்துக்கு மேலே வாசிக்கச் சொல்வார்களாம். இவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை பஜனைக் கூடத்து ஜன்னல்களை மூடி, படத்தை எங்களுக்கே போட்டுக் காட்டினார். பக்கத்தில் டேப் ரிக்கார்டர் ஓடியது.

"உங்க படம், நீங்களே பேசுங்க. தப்பா இருந்தா தப்புன்னு சொல்லுங்க" என்றார்.

என் வாய் சும்மா இருக்குமா?

"இன்னாடி கன்னி, தோலு ஊறப்போட ஆவாரம்பட்டை இடிக்கிறவ கல்யாணத்துக்குப் போறாப்பல நிக்கிற?"

"நீ மட்டும் இன்னாவாம்? தேரு மாதிரி வர்ற."

"எல்லாம் ஒரு நாள் கூத்து. பொழுது சாஞ்சதும் பொடவைய வாங்கிக்கினாங்களே" என்றேன். கூடமே சிரித்தது.

தம்பி சிரிக்கவில்லை. எல்லோரும் போன பிறகு என்னிடம் வந்தார். "அக்கா, இந்தப் படத்துலயே நெஜம் அந்த ஒரு பேச்சுதான். ஆனா அதை வெச்சா உங்க வேலை போய்டும். நீங்க சொல்றதுதான் முடிவு."

அம்மன் முன்னால் வெகுநேரம் உட்கார்ந்துவிட்டு வந்து சொன்னேன்: "எடுத்துடுங்க தம்பி. பசங்க வயிறு அந்தக் கூலியிலதான் ரொம்புது. அங்க ஏதாச்சும் பாட்டு போட்டுக்குங்க."

அவர் முகம் கோணவில்லை. "எடுத்துடறேன்கா. பாட்டு வேணாம். சொல்ல முடியாத எடத்த வேற எதையும் வெச்சு அடைக்கக் கூடாது. காலியாவே இருக்கட்டும்."

ஊர்க் கொட்டகையில் படம் போட்டார்கள். முன்வரிசை நாற்காலியில் முதலாளி, பின்னால் தரையில் நாங்கள். எங்கள் பேச்சைக் கேட்டு எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தபோது சட்டென்று சத்தம் நின்றது. திரையில் புதுப் புடவைகளில் நாங்கள் வாய் பேசாமல் நடக்கிறோம்.

என் பின்னாலிருந்து ஒருத்தி மெதுவாக, "பொழுது சாஞ்சதும் வாங்கிக்கினாங்களே" என்றாள். பக்கத்தில் இன்னொருத்தி. பிறகு பெண்கள் பக்கம் முழுக்க அதே பேச்சு. நானும் சொன்னேன். முதலாளி திரும்பிப் பார்த்தார். அந்த இருட்டில் யாரென்று பார்ப்பார்? மறுநாள் ஒருவர் வேலையும் போகவில்லை. அனுப்புவதென்றால் எல்லோரையும் அனுப்ப வேண்டுமே.

என் மூத்த மகன் ஜோலார்பேட்டையில் ரயில் வேலைக்குப் போனதும் நான் ஆலையிலிருந்து நின்றுவிட்டேன். இனிப் பறிபோக வேலை இல்லை, அதனால்தான் புடவைக் கதையை இங்கே எழுதுகிறேன்.

தம்பி, வாயாடி என்று பெயரெடுத்தவள் நான். உள்ளதைச் சொல்லப் பயப்படும் நேரம் இப்போதும் வருகிறது. அப்போது பொய் சொல்லிச் சமாளிக்காமல் பேச்சை அப்படியே நிறுத்திவிடுகிறேன். உங்களால் வந்த பழக்கம் இது. கேட்பவர்களுக்கு விளங்கிவிடுகிறது.