லிங்க் ராடு மாற்றிய ஞாயிற்றுக்கிழமை

கார் சத்தம் போடுகிறது, இனி ஆஸ்பத்திரிக்கு வரமாட்டேன் என்று என் மனைவி சொன்னது ஒரு வியாழக்கிழமை மதியம். ஸ்ரீவில்லிபுத்தூரில் டயாலிசிஸ் முடித்துவிட்டு ராஜபாளையத்துக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். திங்களும் வியாழனும் காலை ஆறரைக்குக் கிளம்பிப் போய், நான்கு மணி நேரம் அவள் ரத்தத்தை மெஷினில் ஓடவிட்டு, மதியம் திரும்புவது எங்களுக்கு வழக்கமாகி ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. எங்கள் ஊரிலேயே இடம் கேட்டுப் பார்த்தோம், கிடைக்கவில்லை. ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு கட்டில் காலியாயிற்று. அது எப்படிக் காலியாயிற்று என்று யோசிக்காமல், பக்கத்து ஊர்தானே என்று அன்றைக்குச் சந்தோஷப்பட்டவன் நான்.

வழியில் இருக்கிற ஒவ்வொரு வேகத்தடையிலும் காரின் முன்பக்கம் கடக், கடக் என்று அடித்துக்கொண்டது. சின்னப் பள்ளத்தில் ஒரு தடவை, பெரிய பள்ளத்தில் இரண்டு தடவை. ஊசி குத்திய கையை மடியில் வைத்துக்கொண்டு அவள் கண்ணை இறுக மூடிக்கொள்வாள். அன்றைக்கும் அப்படித்தான் வந்தாள். வீட்டு வாசலில் இறங்கும்போது, நாளைக்கு இட்லிக்கு மாவு இல்லை என்று சொல்வதுபோலச் சொன்னாள்.

"இந்தக் காரு சத்தம் என்னால தாங்க முடியல. மண்டைக்குள்ள அடிக்குது. திங்கக்கெழம நான் வரலை."

"பஸ்ஸுல போவமா?"

"பஸ்ஸும் வேண்டாம், ஆட்டோவும் வேண்டாம். வரலை."

ஒரு தடவை போகாவிட்டாலே அவளுக்குக் கால் வீங்கிவிடும். படுத்தால் மூச்சு முட்டும். இரண்டு தடவை போகாவிட்டால் என்ன ஆகும் என்று டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தார். அவளுக்கும் அது தெரியும். நான் தனியாகப் போய்விட்டு வந்த முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டிருப்பாள். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. இந்த வீட்டில் அவள் இல்லாமல் நான் மட்டும் இருப்பதை நினைத்தாலே எனக்குப் பயம் வந்துவிடும். சொல்வதற்கு வெட்கமாக இருந்தாலும் அதுதான் உண்மை.

ஆனால் அந்த வியாழக்கிழமை எனக்குப் பயத்தைவிட ஒரு தெம்புதான் வந்தது. அதைச் சொன்னால்தான் என் புத்தி எப்படிப்பட்டது என்று விளங்கும். முப்பத்தொரு வருடம் ஸ்பின்னிங் மில்லில் ஃபிட்டராக இருந்தவன் நான். மெஷின் சத்தம் போட்டால் ஏதோ ஒரு பாகம் தேய்ந்திருக்கிறது, அதைக் கண்டுபிடித்து மாற்றினால் சத்தம் நிற்கும், சத்தம் நின்றால் மெஷின் ஓடும். எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தது அவ்வளவுதான். அவள் ஒரு காரணம் சொல்லிவிட்டாள். அந்தக் காரணம் காருக்கு அடியில் இருக்கிறது. இரும்பு. அதை என்னால் கையில் பிடிக்க முடியும். ஒன்றரை வருடமாக அவள் கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, ஒன்றும் செய்ய முடியாமல் அந்த மெஷினின் விளக்குகளையே பார்த்துக்கொண்டிருந்தவனுக்கு, கடைசியில் ஒரு வேலை கிடைத்தது.

வெள்ளிக்கிழமை தென்காசி ரோட்டில் ஒரு மெக்கானிக்கிடம் காரைக் கொண்டுபோனேன். சக்கரத்துக்குப் பின்னால் கையைவிட்டு எதையோ ஆட்டிப் பார்த்துவிட்டு எழுந்தார்.

"லிங்க் ராடு போயிருச்சு அண்ணாச்சி. ரெண்டு பக்கமும் மாத்திருங்க."

"இன்னைக்கு முடியுமா?"

"எங்க அண்ணாச்சி, இம்புட்டு வண்டி நிக்குதுல்ல. புதன்கெழம கொண்டாங்க. அதுவரைக்கும் ஓட்டலாம், ஒண்ணும் ஆவாது. சத்தந்தான்."

சத்தந்தான் என்றார். அவர்மேல் கோபப்பட்டு என்ன செய்ய? புதன்கிழமைக்கு நடுவில் ஒரு திங்கட்கிழமை இருப்பது அவருக்கு எப்படித் தெரியும்? நேராக ஸ்பேர் பார்ட்ஸ் கடைக்குப் போய் இரண்டு லிங்க் ராடு வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். ஒரு முழத்துக்குக் கொஞ்சம் குறைவான கம்பி, அவ்வளவுதான். இரண்டு முனையிலும் ரப்பர் மூடிய குண்டு, குண்டிலிருந்து ஒரு போல்ட். காரின் முன்பக்கம் இடமிருந்து வலமாக ஒரு வளைந்த தண்டு ஓடுகிறது. கார் ஒரு பக்கமாகச் சாயாமல் பிடித்துக்கொள்வது அதுதான். அந்தத் தண்டின் இரண்டு நுனியையும் சக்கரத்தின் ஷாக் அப்சார்பரோடு சேர்த்துக் கட்டுவது இந்தக் கம்பிகள். குண்டு தேய்ந்தால் உள்ளே ஆட்டம் வந்துவிடும். பள்ளத்தில் இறங்கும்போது கடக் என்கும். இவ்வளவு சின்ன சாமான்தான் என் மனைவியை என்னிடமிருந்து பிரிக்கப் பார்க்கிறதா என்று எனக்கு வீம்பு ஏறியது.

ஞாயிற்றுக்கிழமை காலை காப்பி குடித்த கையோடு வாசலில் ஆரம்பித்தேன். அவள் கதவோரமாக ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டாள். ஒரு நாளைக்கு இவ்வளவுதான் தண்ணீர் என்று நான் அளந்து வைத்த பாட்டில் காலடியில் இருந்தது. குடிக்கவில்லை, மூடியைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

"என்ன செய்யுதீக?" என்றாள்.

"சத்தத்த நிப்பாட்டப் போறேன்."

அவள் வேண்டாம் என்று சொல்லவில்லை. அவளுக்குச் சந்தோஷம்தான் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

டிரைவர் பக்கத்தை ஜாக்கியில் தூக்கி, அடியில் மரக்கட்டை அடுக்கி, சக்கரத்தைக் கழற்றினேன். பழைய கம்பியின் நட்டு துருப்பிடித்து இறுகிப்போயிருந்தது. ஸ்பேனரைப் போட்டுத் திருகினால் நட்டோடு சேர்ந்து போல்ட்டும் சுற்றியது. போல்ட் சுற்றாமல் இருக்க அதன் நுனியில் உள்ள குழியில் ஆலன் கீயைச் சொருகிப் பிடிக்க வேண்டும். பிடித்தேன், குழி மழுங்கிவிட்டது. மண்ணெண்ணெய் ஊற்றி, செத்த நேரம் ஊறவைத்து, மறுபடியும் திருகினேன். அது நானா நீயா பார்ப்போம் என்றது. கடைசியில் ஹேக்சா பிளேடை எடுத்து அறுக்க ஆரம்பித்தேன். பிளேடு முழுசாக ஓட இடமில்லை, இரண்டு விரல்கடை போய் இரண்டு விரல்கடை வரவேண்டும். மேல் நட்டுக்கு ஒரு மணி நேரம், கீழ் நட்டுக்கு அதற்கும் மேலே. விரல் முட்டியில் தோல் உரிந்து, இரும்புத்தூள் ஒட்டி எரிந்தது. வழியில் போகிறவர்கள் நின்று பார்த்துவிட்டுப் போனார்கள். ஒருவர், "மெக்கானிக்கிட்ட விடலையா?" என்று வேறு கேட்டார். எனக்கு வந்த எரிச்சலுக்கு அவர் தலைமேல் வைத்தே அந்த நட்டை அறுத்திருப்பேன்.

பழையது விழுந்தது. புதியதின் மேல்முனை வழுக்கிக்கொண்டு உட்கார்ந்தது. கீழ்முனை உட்காரவில்லை. தண்டில் இருக்கிற ஓட்டை ஒரு இடத்தில் நிற்கிறது, கம்பியின் போல்ட் இரண்டு விரல் தள்ளி நிற்கிறது. தண்டைக் கையால் அழுத்திப் பார்த்தேன், அசையவில்லை. கடைக்காரன் தப்பான சாமானைக் கொடுத்துவிட்டானோ என்று பழையதையும் புதியதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். ஒரே நீளம். கடப்பாரையை எடுத்துவந்து தண்டுக்குமேல் கொடுத்து நெம்பினேன். அது வழுக்கி என் முழங்கையைச் சுவரோடு அறைந்தது. மூன்றாவது தடவை ரத்தம் வந்தது. தரையில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். மணி பன்னிரண்டைத் தாண்டியிருந்தது. நாளைக்குக் காலை ஆறரைக்கு இந்த வண்டி மரக்கட்டைமேல் நிற்கும், அவள் உள்ளே படுத்திருப்பாள், வியாழக்கிழமை அவள் கால் வீங்கியிருக்கும் என்று மனசு கணக்காக ஓடிக்கொண்டே போனது. அழுகை வந்தது. வெயிலுக்குக் கண்ணைச் சுருக்குவதுபோல முகத்தைத் துடைத்துக்கொண்டேன்.

அப்போதுதான் அவள் பேசினாள்.

"அந்தப் பக்கத்தையும் தூக்கிப் பாருங்களேன்."

"உனக்கென்ன தெரியும்? சும்மா இரு."

"ரெண்டு பக்கத்துக்கும் ஓடுறது ஒரே தண்டுதான? ஒரு பக்கம் மட்டும் தூக்கி வச்சா மத்தது இழுத்துக்கிட்டுத்தான் நிக்கும். ரெண்டையும் ஒசத்துனா தளந்துரும்."

அவள் தளவாய்புரத்துக்காரி. கல்யாணத்துக்கு முன்னும் பின்னும் இருபது வருடம் நைட்டி தைத்தவள். துணியின் ஒரு ஓரத்தை மட்டும் இழுத்துப் பிடித்தால் மறு ஓரம் கோணிக்கொள்ளும் என்பது அவள் கைக்குத் தெரியும். எனக்கோ மில் பழக்கம். நூல் நூற்கிற ரிங் ஃபிரேம் மெஷினுக்கு இடது பக்கம், வலது பக்கம் என்று இரண்டு உண்டு. ஒரு பக்கத்துக் கதிர்களில் கை வைத்தால் மறுபக்கத்தைத் திரும்பிப் பார்க்க வேண்டியதில்லை. காரையும் அப்படியே நினைத்து, ஒரு சக்கரம் அந்தரத்திலும் ஒரு சக்கரம் தரையிலுமாக வைத்து, முறுக்கிக்கொண்டு நிற்கிற தண்டோடு மல்லுக்கட்டியிருக்கிறேன். முப்பத்தொரு வருட சர்வீஸ்.

பக்கத்து வீட்டில் இன்னொரு ஜாக்கி வாங்கிவந்து மறுபக்கத்தையும் தூக்கினேன். தண்டு தானாகவே கீழே இறங்கியது. போல்ட் ஓட்டைக்குள் இரண்டு விரலால் தள்ளியதும் போய்விட்டது. அவளைத் திரும்பிப் பார்த்தேன். நாற்காலி காலியாக இருந்தது. உள்ளே போய்ப் படுத்துவிட்டாள். நான் கத்தியதில் கோபம் என்று நினைத்தேன். மறுபக்கத்தையும் மாற்றி, சக்கரங்களை மாட்டி, தெருவை இரண்டு சுற்றுச் சுற்றிவிட்டு வந்தபோது மணி நான்கு. சத்தம் இல்லை. உள்ளே போய், "ஏட்டி, நின்னுருச்சு," என்றேன். "சாப்பிடுங்க," என்றாள்.

திங்கட்கிழமை காலை நான் கூப்பிடாமலே சேலையை மாற்றிக்கொண்டு வந்து காரில் ஏறினாள். எனக்கு வந்த பெருமை கொஞ்சநஞ்சமில்லை. முதல் வேகத்தடையில் வேண்டுமென்றே வேகத்தைக் குறைக்காமல் ஏற்றி இறக்கினேன். ஒரு சின்ன முனகல்கூட இல்லை. அவள் பக்கம் திரும்பினேன். இடதுபுறத்து மலையையே பார்த்துக்கொண்டு வந்தாள்.

"பாத்தியா, சத்தமே இல்ல," என்றேன்.

"ஆமா, இல்ல."

இரண்டாவது வேகத்தடையும் போனது. மூன்றாவதும் போனது. ஊர் தாண்டிய பிறகு, முகத்தைத் திருப்பாமல் சொன்னாள்.

"இனி நான் என்ன காரணஞ் சொல்ல?"

எனக்குச் சட்டென்று விளங்கவில்லை. "எதுக்கு?" என்றேன்.

"ஊசி வலிக்குன்னா டாக்டர்ட்ட போய் நிப்பீக. தல சுத்துதுன்னா மாத்திர வாங்கிட்டு வருவீக. எதச் சொன்னாலும் ஒண்ண வாங்கிட்டு வந்து நிக்கீக. காரச் சொன்னா ஒண்ணும் செய்ய முடியாதுன்னு நெனச்சேன். மெக்கானிக்கும் புதன்கெழமன்னுட்டாருன்னதும், சரி, அப்படியே விட்டுருவீகன்னு இருந்தேன். எனக்குப் போதுங்க. காரால இல்ல."

வண்டியை ரோட்டோரமாக நிறுத்திவிட்டேன். லாரிகள் எங்களை உரசிக்கொண்டு போயின. ஸ்டீயரிங்கைப் பிடித்திருந்த கையில் பிளாஸ்திரி ஒட்டியிருந்தது, அதை அவளே முந்தின நாள் சாயங்காலம் ஒட்டிவிட்டிருந்தாள்.

"அப்ப நேத்து எதுக்கு அந்தப் பக்கத்தத் தூக்கச் சொன்ன? சொல்லாம இருந்திருந்தா வண்டியே ஓடியிருக்காதே."

"ரத்தத்தோட தரையில உக்காந்து அழுதீக. பாத்துக்கிட்டு இருக்க முடியல."

அவள் சொன்னதில் தேய்ந்த பாகம் எதுவும் இல்லை. திருப்பிக் கொண்டுபோய் வீட்டில் விடு என்று அவள் கேட்கவும் இல்லை. கேட்காமலே நான் திருப்பியிருக்கலாம். லாரிகள் போன பிறகு ரோடு காலியாகத்தான் இருந்தது, ஸ்டீயரிங்கை ஒரு ஒடி ஒடித்தால் வண்டி திரும்பிவிடும். என் கைகள் அதைச் செய்யவில்லை. அவள் இல்லாத வீட்டை நினைத்துப் பயந்துபோய் இருந்தவன் அவளுடைய வலியை நினைக்கவே இல்லை என்பது அந்த ரோட்டோரத்தில்தான் எனக்குத் தெரிந்தது. தெரிந்த பிறகும் நான் திருப்பவில்லை.

"வண்டிய எடுங்க. நேரமாச்சுன்னா கட்டில வேற ஆளுக்குக் குடுத்துருவாக," என்று அவள்தான் சொன்னாள்.

எடுத்தேன். ஆஸ்பத்திரி வாசலில் நிறுத்தி, சுற்றிவந்து அவள் பக்கத்துக் கதவைத் திறந்தேன். செத்த நேரம் இறங்காமல் உட்கார்ந்திருந்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, ஊசி குத்தாத கையை என்னிடம் நீட்டினாள். பிடித்து இறக்கினேன். அவள் இறங்கியது எனக்காக. அவளுக்காக இல்லை.

அதற்குப் பிறகு நான்கு மாதம் இருந்தாள். திங்கள், வியாழன் எதுவும் தவறவில்லை. வரமாட்டேன் என்று ஒரு தடவைகூடச் சொல்லவில்லை, வலிக்கிறது என்றும் சொல்லவில்லை. நன்றாகத்தான் இருக்கிறாள் என்று கேட்டவர்களிடமெல்லாம் நான் சொல்லிக்கொண்டு திரிந்தேன். இப்போது உட்கார்ந்து யோசிக்கிறேன், அவள் மறுபடியும் ஏதாவது சொல்லியிருந்தால் நான் விட்டிருப்பேனா என்று. விட்டிருக்கமாட்டேன். என்ன சொன்னாலும் அதைச் சரிசெய்யத்தான் ஓடியிருப்பேன். அது தெரிந்துதான் அவள் சொல்வதை நிறுத்தினாள்.