டோரிஸ் அம்மா அடித்த மழை

நேற்றுத் தையல் மிஷினுக்கு எண்ணெய் விடும்போது கை தவறிக் கொஞ்சம் தரையில் கொட்டிவிட்டது. துடைக்கக் குனிந்தவள் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். அந்த வாசனை என்னைக் கோவில்பட்டியில் முதன்முதலாக வேலை பார்த்த டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டின் மாடிக்கே கொண்டுபோய்விட்டது. எண்ணெயும் ரிப்பன் மையும் கலந்து எங்கள் விரலெல்லாம் இதே வாசனைதான். சோறு பிசைந்தாலும் போகாது.

அங்கேதான் டோரிஸ் அம்மாவைப் பார்த்தேன். மழை பொய்த்திருந்த சமயம். பக்கத்து ஊர் ஆஸ்பத்திரியின் வெள்ளைக்கார டாக்டர் தன் அக்காவைக் கைத்தாங்கலாகப் படியேற்றிக் கூட்டிவந்தார். டாக்டர் இங்கேயே பல காலம் இருந்தவர், நம்மைப் போலவே பேசுவார்.

"அண்ணாச்சி, எங்க அக்கா லண்டன்ல எழுத்த வச்சே படம் போடுதவிய. பக்கவாதம் வந்து பேச்சு போயிட்டு. இங்கிலீஷ் மிஷின் முன்னால உக்காந்தா அழுதுருதாவ. ஒங்க தமிழ் மிஷின்ல கொஞ்ச நேரம் உக்காரட்டுமா?"

டோரிஸ் அம்மா இளம் வயதில் ஒரு வக்கீல் ஆபீஸில் டைப்பிஸ்ட். வேலை முடிந்ததும் அதே மிஷினில் எழுத்துகளை நெருக்கியும் கலைத்தும் அடித்துக் கடல், மரம், முகம் என்று வரவழைப்பாராம். கவிதைக்காரர்கள் இது படம் என்றார்களாம்; படக்காரர்கள் இது கவிதை என்றார்களாம். தலை நரைத்த பிறகுதான் கண்காட்சிகளில் இடம் கிடைத்தது. கிடைத்த கையோடு இந்த நோய்.

இன்ஸ்டிடியூட் முதலாளி அண்ணாச்சி என்னிடம் மெதுவாக, "பரீட்ச வருது. மிஷின ஒடைச்சுட்டாவன்னா பிள்ளையளுக்கு என்ன பதில் சொல்ல?" என்றார். ஆனாலும் மூலை மிஷினைக் கொடுத்தார். பார்த்துக்கொள்ள நான். எனக்குத் தெரிந்த இங்கிலீஷ் எல்லாம் வியாபாரக் கடிதத்தில் உள்ளது. "டியர் மேடம்" என்பேன், அதற்கு மேல் ஓடாது. அவருக்கும் பேச்சு வராது. நல்ல பொருத்தம்!

தமிழ் மிஷினில் புள்ளியை அடித்தால் தாள் நகராது. அதைக் கண்டுபிடித்த அன்று தாள் ஓட்டையாகும்வரை ஒரே இடத்தில் அடித்தார். அண்ணாச்சி தலையில் கை வைத்துக்கொண்டார். பிறகு டகரத்தை வரிசை வரிசையாகக் கோத்தார்; தள்ளி நின்று பார்த்தால் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும் கரிசல். அதன்மேல் ஆய்த எழுத்தைத் தூவினார், பருத்தி.

"ஏலே, இது நம்ம காடுல்லா!" என்று விளாத்திகுளத்துப் பையன் ஒருவன் கத்தினான். எல்லோரும் சிரித்தோம். அவர் மட்டும் சிரிக்கவில்லை, வாய் திறக்கவில்லை. டாக்டர் சாயங்காலம் வந்து அக்காவின் வாயையே பார்த்துவிட்டுக் கூட்டிப்போவார். இப்படியே போய்விடுமோ என்று எனக்குப் பயமாக இருந்தது.

ஒரு நாள் மத்தியானம் இருட்டிக்கொண்டு வந்து சடசடவென்று பிடித்தது. "மழை! மழை!" அத்தனை மிஷின்களும் நின்றுவிட்டன. டோரிஸ் அம்மா என் கையைப் பிடித்து இழுத்து விசைகளின் மேல் வைத்தார். ஒவ்வொன்றாகத் தொட்டு, 'மழை' என்று காட்டினேன். அடித்தார். தாளைச் சாய்த்துச் சாய்த்து மறுபடி மறுபடி அடித்தார். தாள் முழுக்க மழை. டாக்டர் சொட்டச் சொட்ட நனைந்து மேலே வந்தபோது அக்கா நிமிர்ந்து பார்த்தார்.

"வாஷிங்!" என்றார், தெளிவாக.

டாக்டர் படியிலேயே உட்கார்ந்துவிட்டார். "கொடியில போட்ட துணி நனையுதாம் அண்ணாச்சி!" சிரிக்கிறார், அழுகிறார்.

"நனையட்டும் சார், நல்லா நனையட்டும்! ஏம்மா, எல்லாருக்கும் டீ சொல்லு" என்றார் அண்ணாச்சி.

அதன்பிறகு சொற்கள் ஒவ்வொன்றாகத் திரும்பின. டோரிஸ் அம்மா லண்டனுக்கே திரும்பிப் போய்க் கடைசிவரை படம் செய்தார். தமிழ் எழுத்துகளை மட்டும் வைத்துப் பெரிய கண்காட்சியே நடந்ததாம். டாக்டர் வந்து சொன்னபோது அப்பாடா என்றிருந்தது. பட்ட பயமெல்லாம் வீணாய்ப் போனால் அதைவிடச் சந்தோஷம் ஏது, சொல்லுங்கள்.

இப்போது அந்த மாடியில் செல்போன் கடை. மிஷின்கள் பழைய இரும்புக்குப் போயின. அக்காவும் தம்பியும் இல்லை, அண்ணாச்சியும் இல்லை. தெருவே அதிர எல்லோரும் ஒன்றாக இருந்து எழுதிய அந்தச் சத்தமும் இல்லை. அவரவர் போனைத் தடவி, பக்கத்தில் இருப்பவருக்குக்கூடக் கேட்காமல் எழுதிக்கொண்டிருக்கிறோம்.