கொழுந்தைக் கிள்ளிய கை

அருணாசலவடிவு தெருமுனையில் வருவதைப் பார்த்தாலே மில்லர்புரத்துக் கடைக்காரர்கள் தராசுத் தட்டைத் துடைத்து வைப்பார்கள். கேஸ் சிலிண்டரை எடை பார்க்காமல் வீட்டுக்குள் விடமாட்டாள். பால் பாக்கெட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பாள். ஸ்ரீவைகுண்டத்துப் பக்கம் வயல்காரக் குடும்பத்தில் பிறந்தவள். களத்தில் நெல் அளக்கும்போது யாராவது ஒருவர் பக்கத்திலேயே நிற்க வேண்டும் என்பது அவள் வீட்டு வழக்கம். அந்த ஒருவர் பெரும்பாலும் அவள்தான்.

அப்படிப்பட்டவளுக்கு ஊட்டிக்குப் போன இடத்தில் ஒரு பூவின் மேல் ஆசை வந்துவிட்டது. ஸ்னாப்டிராகன். கன்னம் இரண்டையும் விரலால் அமுக்கினால் வாயைத் திறக்கும், விட்டால் மூடிக்கொள்ளும். வாசமில்லை, தலையில் வைக்க முடியாது, சாமிக்கும் ஆகாது. எதற்கு உதவும் என்று கேட்காமல் அவள் ஆசைப்பட்ட பொருள் அது ஒன்றுதான்.

விதை வாங்கப் பத்து நாள் யோசித்தாள். உயரமான ரகம் கடல்காற்றில் சாய்ந்துவிடும். குட்டை ரகத்தில் பூ சின்னது. பல நிறம் கலந்த பாக்கெட் என்றால் விற்காமல் மிஞ்சியதை எல்லாம் கூட்டி அடைத்திருப்பான். கடைசியில் நடுத்தர உயரத்தில் மஞ்சள் மட்டும் போதும் என்று முடிவு செய்து, புருஷன் காசிலிங்கத்தின் செல்போனில் ஆர்டர் போடச் சொன்னாள். பாக்கெட்டைப் பிரித்தபோது உள்ளே மூக்குப்பொடி மாதிரி ஒரு சிட்டிகை இருந்தது.

"தூசியை அள்ளிக் குடுத்திருக்கான். இதுக்கா காசு குடுத்தீய?" என்றாள்.

காசிலிங்கம் துறைமுகத்தில் ஒரு ஏற்றுமதி ஏஜென்சியில் வேலை பார்ப்பவர். பெட்டி பெட்டியாகச் சரக்குப் பார்த்த மனுஷன். "வெதையே அவ்வளவுதாம்ளா. மண்ணு போட்டு மூடாத, மேலாக்கத் தூவு" என்று மட்டும் சொன்னார்.

அவள் நம்பவில்லை. பாதியை விரற்கடை ஆழத்தில் புதைத்தாள். ஒன்றும் முளைக்கவில்லை. மீதிப் பாதியை, பொய் என்று நிரூபிப்பதற்காகவே, தேங்காய் நார்த்தூளின் மேல் தூவி நீர் தெளித்தாள். இரண்டு வாரத்தில் பச்சைப் புள்ளிகள் எட்டிப் பார்த்தன. போர் தண்ணீர் உப்பு என்று கார்ப்பரேஷன் தண்ணீரைக் குடத்தில் பிடித்து வைத்து ஊற்றினாள். நாற்று தேறியதும் தொட்டிகளுக்கு மாற்றி, காம்பவுண்டுச் சுவரோரம் வரிசையாக வைத்தாள்.

சுவருக்கு அந்தப் பக்கம் எமில்டா வீடு. துணி காயப்போடும்போது எமில்டா எட்டிப் பார்த்துக் கேட்டாள். "வடிவக்கா, எனக்கு ரெண்டு கொழுந்து தாங்களேன். தண்ணில போட்டு வச்சா வேர் விடுமாம்."

"வளரட்டும், பாப்போம்" என்றாள் வடிவு.

டிசம்பர் பிறந்தது. ஒரு வெள்ளிக்கிழமை கோயிலுக்குப் போய்விட்டு வந்து பார்த்தால், மூன்று தொட்டியில் நுனியைக் காணோம். அணில் கடித்திருந்தால் பிசிறு இருக்கும், புழு என்றால் இலையில் ஓட்டை இருக்கும். இது நகத்தால் கிள்ளியது. அடுத்த வெள்ளியும் அதேபோல் வேறு தொட்டிகளில் போயிருந்தது.

வடிவு மாடிக்கு ஏறி எமில்டாவின் அடுக்களை ஜன்னலைப் பார்த்தாள். ஒரு கண்ணாடிப் பாட்டில், அதில் தண்ணீர், ஏதோ பச்சை. அவளுக்கு அது போதும். அன்றிலிருந்து எமில்டா பேசினால் வடிவு பாதி வார்த்தையில் பதில் சொல்லிவிட்டு உள்ளே போய்விடுவாள். கிறிஸ்துமஸுக்கு எமில்டாவின் மகள் ஞானபாக்கியம் கேக்கும் முந்திரிக்கொத்தும் தட்டில் கொண்டுவந்தபோது, "எங்க வீட்டுல சுகர்" என்று வாசலிலேயே திருப்பி அனுப்பினாள்.

அதற்கு அடுத்த வெள்ளிக்கிழமை பூக்கூடையை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். தெருமுனை வரை போய்த் திரும்பி, கேட்டைச் சத்தமில்லாமல் திறந்தாள். தொட்டிகளுக்கு முன்னால் மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு காசிலிங்கம் குந்தியிருந்தார். கிள்ளிய நுனியைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டிருந்தார்.

"என்ன செய்தீய?"

அவர் எழுந்திருக்கவில்லை. "ஆறுமுகநேரி போற வழியில நர்சரிக்காரர் சொன்னார். நுனியைக் கிள்ளினாத்தான் பக்கக் கெளை அடிக்குமாம். இல்லன்னா ஒத்தக் குச்சியா நின்னு போகுமாம்."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"சொன்னா விடுவியா? நர்சரிக்காரன் நம்ம செடியக் கெடுக்கப் பாக்கான்னு சொல்லுவ."

வடிவு குனிந்து பார்த்தாள். முதலில் கிள்ளிய செடிகளில் இலைக்கக்கம்தோறும் புதுத் தளிர் விட்டிருந்தது. இத்தனை நாள் வெட்டுப்பட்ட இடத்தையே பார்த்துக்கொண்டிருந்ததில் அதை அவள் கவனிக்கவே இல்லை.

அன்று சாயங்காலம் எமில்டா வீட்டுக்குப் போனாள். அடுக்களை ஜன்னலில் இருந்தது மணிபிளான்ட். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் நின்றவள், கடைசியில் நடந்ததை அப்படியே சொன்னாள்.

எமில்டா கேட்டுக்கொண்டிருந்தாள். "தட்டு திரும்பி வந்தப்பவே என்னமோன்னு நெனச்சேன். எம் மகதான் மரியாதைக் குறைவா ஏதும் பேசிட்டாளோன்னு அவளைப் போட்டு ஏசினேன். பண்டிகை நாளும் அதுவுமா அழுதுக்கிட்டே கிடந்தா." காப்பி கொடுத்தாள். வடிவு குடித்தாள். இரண்டு பேருக்கும் அது சங்கடமாகத்தான் இருந்தது.

பிப்ரவரியில் ஒவ்வொரு தொட்டியிலும் ஐந்தாறு கதிர் நிமிர்ந்து மஞ்சள் மஞ்சளாகப் பூத்தது. ஞானபாக்கியத்தைக் கூப்பிட்டு வாயைத் திறந்து மூடும் வித்தையை வடிவு காட்டிக் கொடுத்தாள். அந்தப் பெண் சிரித்தாள். ஞாயிறு காலை எமில்டா, மாதா கோயில் பீடத்துக்கு வைக்கக் கொஞ்சம் பூ வேண்டும் என்று வந்தாள். தொட்டிகளை விட்டுத் தள்ளியே நின்றாள்.

"நீங்களே வெட்டித் தாங்கக்கா. நான் கை வைக்க மாட்டேன்."

கோபமாகச் சொல்லவில்லை. வடிவுக்குத்தான் முகம் சுண்டிப்போனது. உள்ளே போய்க் கத்தரிக்கோலை எடுத்துவந்து எமில்டாவின் கையில் வைத்தாள்.

"ஒனக்குப் பிடிச்சதப் பாத்து வெட்டிக்கோ. அடுப்புல பால் வச்சிருக்கேன்" என்று சொல்லிவிட்டு அடுக்களைக்குப் போனாள்.

பால் இன்னும் அடுப்பில் ஏறவே இல்லை. ஏற்றினாள். வெளியே கத்தரி வெட்டும் சத்தம் கேட்டது. ஜன்னல் வழியாக எட்டிப் பார்க்க வேண்டும் போல் இருந்தது. பால் பொங்கும் வரை அவள் திரும்பவில்லை.